வாய்க்குள் நுழையாத ஒன்பது எழுத்து

அறுநூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில் ஒரு காலி இடம் இருந்தது.

வேறு புத்தகமாக இருந்தால் குடி ஒன்றும் முழுகிப் போகாது. இது ஆங்கிலம்–தமிழ் அகராதி. முதல் பத்தியில் ஆங்கிலச் சொல், கடைசிப் பத்தியில் பொருள், நடுப்பத்தியில் அந்தச் சொல்லை வாயால் எப்படிச் சொல்வது என்று தமிழ் எழுத்தில். இந்த நடுப்பத்தி இப்போதைய பதிப்பில்தான் புதிதாக வருகிறது. அது முழுக்க ஒரே மனிதரின் இரண்டு வருட உழைப்பு. அலுவலகத்தில் அவருக்கு உச்சரிப்பு என்றே பேர் விழுந்துவிட்டது. சொந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிட்டால் அவரே திரும்பிப் பார்ப்பாரா என்பது சந்தேகம்.

முப்பத்தோராயிரம் சொற்கள். ஒவ்வொன்றையும் கண்ணாடி முன்னால் நின்று உதட்டைக் குவித்தும் நாக்கைச் சுழற்றியும் சொல்லிப் பார்த்துத்தான் எழுதினார். பேருந்தில் தனக்குத் தானே முணுமுணுத்துக்கொண்டு போனதில் பக்கத்து சீட்டுக்காரர்கள் எழுந்து போய்க் கம்பியைப் பிடித்து நின்றுகொண்டார்கள். அதைப் பற்றி அவருக்குக் கவலை இல்லை. கர்னல் என்ற சொல்லில் எழுதும்போது இல்லாத ‘ர்’ சொல்லும்போது மட்டும் எங்கிருந்து முளைக்கிறது என்று யோசித்து மூன்று நாள் அவருக்குச் சாப்பாடு இறங்கவில்லை. க்யூவில் ஐந்து எழுத்து இருந்தும் முதல் எழுத்து மட்டும் வேலை பார்க்க, மீதி நாலும் பின்னால் வரிசை கட்டி வேடிக்கை பார்ப்பதைக் கண்டுபிடித்த அன்று வீட்டுக்கு இனிப்பு வாங்கிப் போனார்.

“மழை விழுந்ததும் மண்ணுல இருந்து ஒரு வாசனை வருதில்ல, அதுக்கு பெட்ரிகோர்னு பேராம். வயிறு கடமுடான்னு சத்தம் போட்டா பார்பரிக்மஸ். ஒருத்தரை ஜன்னல் வழியா வெளியே தூக்கி எறியறதுக்கு டிஃபெனஸ்ட்ரேஷன். இதுக்கெல்லாம்கூட தனித்தனியா வார்த்தை வச்சிருக்காங்க பாரு!” என்று அவர் மனைவியிடம் வியந்தபோது, “அந்தக் கடைசி வார்த்தையை இன்னொரு தடவை நிதானமா சொல்லுங்க. சமயத்துல உதவும்,” என்றாள் அவள்.

ஆனால் அவளுக்கும் உள்ளூரப் பெருமைதான். இருபத்திரண்டு வருடம் அந்த அலுவலகத்தில் வேலை பார்த்த மனிதரின் பேர் முதல்முறையாகப் புத்தகத்தின் உள்பக்கத்தில் வரப்போகிறது. அக்காவிடம் சொல்லியாயிற்று, இரண்டு ஓரகத்திகளிடமும் சொல்லியாயிற்று, அளவு எடுக்க வந்த தையல்காரரிடமும் சொல்லியாயிற்று.

இந்த நேரத்தில்தான் இந்தக் காலி இடம்.

போன வாரம் தேநீர் கொட்டியதில் ப்ரூஃபில் இரண்டு தாள் ஒட்டிக்கொண்டு, அந்தப் பக்கம் அவர் கண்ணிலேயே படாமல் போயிருந்தது. இன்று மாலை நாலு மணிக்கு அச்சுக்குப் போக வேண்டும். தலைமைப் பதிப்பாசிரியர் திங்கட்கிழமையே சொல்லிவிட்டார். அந்த அம்மா அறைக்குள் வந்தால் எல்லாப் பேச்சும் நின்றுவிடும் என்பதால் அவருக்கு முற்றுப்புள்ளி என்று பேர்.

“ஒரே ஒரு இடம் காலியா இருந்தாலும் சரி, நடுப்பத்தியையே மொத்தமா தூக்கிடுவேன். உங்க பேரையும் சேர்த்து.”

உச்சரிப்பு ஒட்டிய தாளை மெல்லப் பிரித்துச் சொல்லைப் பார்த்தார். பி, எச், டி, எச், ஓ, எம், பி, எல், ஒய். ஒன்பது எழுத்து. பொருள் பத்தியில், ‘ஓர் அறைக்குள் வேகமாகப் போய், எதற்காக வந்தோம் என்பதே மறந்து நிற்கும் நிலை’ என்று இருந்தது. பழைய பதிப்புகளிலும் அப்படியே இருந்தது.

“அட!” என்றார் வாய்விட்டு. இந்த நிலை அவருக்கு நேற்றுகூட வந்தது. இதற்கு ஒரு பேர் உண்டு என்பது இத்தனை நாளும் தெரியாமல் போயிற்றே என்று ஆதங்கமாக இருந்தது. எந்த ஊர்ச் சமையலறையில், எந்த மனிதன் கையைப் பிசைந்துகொண்டு நின்று, இதற்கு முதன்முதலில் இப்படிப் பேர் வைத்தானோ! யார் பெற்ற பிள்ளையோ, இப்படி அனாதையாக வந்து பக்கம் அறுநூற்றுப் பன்னிரண்டில் உட்கார்ந்திருக்கிறது.

அலமாரியில் இருந்த எட்டுப் பெரிய அகராதிகளையும் இறக்கினார். ஒன்றிலும் இல்லை. கம்ப்யூட்டரில் தட்டினார். ‘நீங்கள் தேடியது இதுவா?’ என்று அது சம்பந்தமே இல்லாத வேறு ஒன்றைக் காட்டிப் பல்லிளித்தது.

வேறு யாராவது இருந்தால் இந்த இடத்தில் சந்தேகப்பட்டிருப்பார்கள். உச்சரிப்புக்கோ ஆர்வம் தலைக்கேறியது. உலகத்தில் யாரிடமும் இல்லாத வார்த்தை நம்மிடம் இருக்கிறது!

ஆனால் எப்படிச் சொல்வது? தைசிஸ் என்ற நோயின் பேரில் முன்னால் உள்ள பி, எச் இரண்டும் ஊமை. ஆகவே இங்கேயும் ஊமை. அது சரி. நடுவில் இருக்கிற ஓ, எம், பிதான் வில்லங்கம். அதே மூன்று எழுத்தில் முடிகிற கல்லறை, டூம். தலை வாருகிற சீப்பு, கோம். வெடிக்கிற குண்டு, பாம். மூன்றும் ஒரே குடும்பம், மூன்றுக்கும் மூன்று குரல். அப்படியானால் இது தூம்லியா, தோம்லியா, தாம்லியா?

யாரையாவது கேட்க வேண்டும். தெரியாது என்று காட்டிக்கொள்ளாமல் கேட்க வேண்டும். அங்கேதான் அவர் வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டார்.

அடுத்த மேசையில் பொருள் பத்திக்குப் பொறுப்பான பொருளம்மா உட்கார்ந்திருந்தார். இருபத்தைந்து வருட அனுபவம். எதைக் கேட்டாலும் தெரியாது என்று சொன்னதாகச் சரித்திரம் இல்லை.

“இந்த அறுநூத்திப் பன்னிரண்டுல ஒரு வார்த்தை இருக்கே… நீங்க அதை எப்படிச் சொல்லுவீங்க? சும்மா கேக்கறேன்.”

பொருளம்மா தாளை ஒரு நொடி பார்த்தார். ஒரே நொடிதான். “தோம்ப்ளி. ஏன் சார், இது எல்லாருக்கும் தெரிஞ்சதுதானே? எங்க வீட்டுல தினமும் சொல்லுவோம்.”

“தினமுமா?”

“பின்னே? எங்க வீட்டுக்காரர் ஃப்ரிட்ஜைத் திறந்து வச்சுட்டு நிப்பாரு. ‘என்னங்க, தோம்ப்ளியா?’ன்னு கேப்பேன்.”

உச்சரிப்புக்கு நம்பிக்கை வரவில்லை. படகைக் குறிக்கிற யாட்டை எழுத்துக் கூட்டி ‘யாச்ட்’ என்று படித்தவர் பொருளம்மா. நன்றி சொல்லிவிட்டு வராந்தாவுக்குப் போய், ஓய்வு பெற்ற ஆங்கிலப் பேராசிரியர் ஒருவருக்குப் போன் போட்டார். அகராதிக்கு முன்னுரை எழுதியவர் அவர்தான்.

ஒன்பது எழுத்தையும் பொருளையும் கேட்டதும் அந்தப் பக்கம் நாற்காலி நகரும் சத்தம். பிறகு ஒரு கனைப்பு.

“தம்பி, அது தாம்லி. பி, எச், அப்புறம் நடுவுல வர்ற பி, மூணுமே பேசாது. நான் வெளிநாட்டுல படிக்கும்போது எங்க விடுதிக்காரம்மா வாய்க்கு வாய் சொல்லுவாங்க. அபூர்வமான வார்த்தை. அது உங்க அகராதியில இருக்கா?”

“இருக்கு ஐயா.”

“பிரமாதம்! இதை நான் சும்மா விட மாட்டேன்.”

சும்மா விடவில்லைதான். உச்சரிப்பு நிம்மதியாக மேசைக்கு வந்து பேனா மூடியைத் திறப்பதற்குள் முற்றுப்புள்ளி அறைக் கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்தார். முகத்தில் சிரிப்பு. அலுவலகமே பயந்துபோயிற்று.

“பேராசிரியர் போன் பண்ணினார். மத்த எந்த அகராதியிலும் இல்லாத ஒரு வார்த்தை நம்மகிட்ட இருக்காமே? ஏன் யாருமே எங்கிட்ட சொல்லலை? பின் அட்டையில பெரிய எழுத்துல போடச் சொல்லிட்டேன். ‘அறைக்குள் போய் மறந்து நிற்பதற்கும் ஒரு சொல் உண்டு, எங்கள் அகராதியில் மட்டும்!’ கீழே அடைப்புக்குள்ள உச்சரிப்பு வரணும். என்ன உச்சரிப்பு?”

“தாம்லி,” என்றார் உச்சரிப்பு.

“தோம்ப்ளி,” என்றார் பொருளம்மா, அதே நொடியில்.

இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். முற்றுப்புள்ளியின் சிரிப்பு போன இடம் தெரியவில்லை.

“மதியத்துக்குள்ள ஒண்ணாச் சொல்லுங்க,” என்று கதவைச் சாத்திக்கொண்டார்.

இனி யார் சும்மா இருப்பார்கள்? பத்து நிமிடத்தில் அந்த வார்த்தை கட்டடம் முழுக்கப் பரவிவிட்டது. பக்கம் கட்டுகிறவர், எதையும் அளந்தே பேசுகிறவர், அதனால் அங்குலம் என்று பேர், அவர் வந்து, “நான் சின்ன வயசுல இருந்தே ஃப்தோம்ளின்னுதான் சொல்றேன்,” என்றார். கணக்குப் பிரிவில் ஒருவர் தண்ணீர் குடிக்க எழுந்து போய், குழாயடியில் எதற்கு வந்தோம் என்று முழித்து நின்று, “பாருங்க, தூம்லி!” என்று கைதட்டினார். மாடிப்படியில் தாம்லிக்காரர்களும் தோம்ப்ளிக்காரர்களும் ஒருவருக்கொருவர் வழிவிட மறுத்தார்கள். இத்தனை பேருக்கும் இது சின்ன வயதிலிருந்தே தெரிந்திருக்கிறது. உச்சரிப்புக்கு மட்டும்தான் தெரியவில்லை. இரண்டு வருடம் கண்ணாடி முன்னால் நின்றதெல்லாம் வீணோ என்று நொந்துகொண்டார்.

சரி, இந்தச் சனியனையே எடுத்துவிட்டால் என்ன என்று தோன்றியது. அங்குலத்திடம் போனார்.

“இந்த ஒரு வார்த்தையை மட்டும் சத்தமில்லாம எடுத்துடலாமா?”

அங்குலம் அளவுகோலை எடுத்து வைத்தார். “ரெண்டு வரி போகும். அறுநூத்திப் பதிமூணு மேல ஏறும். அது ஏறினா பதினாலு ஏறும். கடைசி வரைக்கும் நானூறு பக்கம் நகரணும். நாலு மணிக்கா அச்சு? நாலு மாசம் கழிச்சு வாங்க. அதுவும் பின் அட்டையில போட்ட வார்த்தையை உள்ளே எடுத்துட்டா, வாங்கறவன் நம்மளை ஜன்னல் வழியா தூக்கி எறிவான்.”

அதற்கான சொல் உச்சரிப்புக்குத் தெரியும். சொல்லிக் காட்டும் நிலையில் அவர் இல்லை.

அடுத்து அவர் செய்ததுதான் பெரிய தப்பு. சண்டை வேண்டாம் என்று, ‘தாம்லி அல்லது தோம்ப்ளி; இரண்டும் சரி’ என்று எழுதி முற்றுப்புள்ளியிடம் நீட்டினார். தாளின் மை காய்வதற்குள் ஃப்தோம்ளிக்காக அங்குலமும், தூம்லிக்காகக் கணக்குப் பிரிவும் அறை வாசலில் நின்றார்கள். பேராசிரியரே ஒரு வாடகைக் கார் பிடித்து வந்து சேர்ந்தார்.

“இரண்டும் சரின்னு எழுதினீங்களாமே? நாற்பது வருஷம் பாடம் நடத்தினவன் நான். என் முன்னுரையைத் திருப்பிக் கொடுங்க!”

“எங்க வீட்டுக்குள்ள வந்து பாருங்க ஐயா, என்ன சொல்றோம்னு தெரியும்,” என்றார் பொருளம்மா, விட்டுக்கொடுக்காமல்.

முற்றுப்புள்ளி மேசையைத் தட்டினார். எல்லாம் நின்றது.

“மணி இரண்டரை. எனக்கு ஒரு பதில் வேணும். இல்லைன்னா சொன்னது சொன்னதுதான், நடுப்பத்தி கிடையாது. நீங்க நாளையில இருந்து பார்சல்ல முகவரி ஒட்டற வேலைக்குப் போகலாம்.”

அந்த நேரம் பார்த்து உச்சரிப்பின் சட்டைப் பையில் போன் அடித்தது. மனைவி.

“என்னங்க, உங்க பேரு எத்தனாவது பக்கத்துல வரும்? அக்கா கேக்கறா.”

“அப்புறம் பேசறேன்,” என்று அணைத்தார். இருபத்திரண்டு வருடம் கழித்துக் கைக்கு எட்டியது. இப்படியா போக வேண்டும்?

ஆத்திரம் மனிதனுக்கு எங்கிருந்தோ மூளையைக் கொடுக்கிறது. அவர் நிமிர்ந்து நின்றார்.

“மேடம், ஒண்ணு சொல்றேன். இந்த வார்த்தை இங்கே எப்படி வந்ததுன்னு யாராவது பார்த்தீங்களா? நம்ம அகராதியில ஒரு வார்த்தை ஏறணும்னா அதுக்கு ஒரு சீட்டு இருக்கணும். எந்தப் புத்தகத்துல, எந்தப் பக்கத்துல கண்டதுன்னு எழுதி, சேர்த்தவர் கையெழுத்துப் போட்டிருக்கணும். அந்தச் சீட்டைப் பார்த்தா புத்தகம் கிடைக்கும். புத்தகம் கிடைச்சா உச்சரிப்பு கிடைக்கும். அதை விட்டுட்டு என் தலையை உருட்டறது என்ன நியாயம்?”

“சீட்டுல எதுவும் இல்லைன்னா?” என்றார் முற்றுப்புள்ளி.

உச்சரிப்பு ஓரக்கண்ணால் பொருளம்மாவைப் பார்த்தார். இருபத்தைந்து வருடமாகப் பொருள் எழுதுகிறவர். வேறு யார் வேலையாக இருக்கும்?

“இல்லைன்னா, ஆதாரம் இல்லாம இதை உள்ளே விட்டவர் யாரோ, அவர்தான் பொறுப்பு. என் உழைப்பு இல்லை. என் பத்தி அப்படியே இருக்கணும். அந்த ஆளு எவ்வளவு பெரிய ஆளா இருந்தாலும் சரி, எத்தனை வருஷ அனுபவமா இருந்தாலும் சரி, முகவரி ஒட்டற வேலைக்கு அவர் போகட்டும். உள்பக்கத்துல அவர் பேரு இருந்தா அதையும் அடிச்சிடணும்.”

பொருளம்மாவின் முகம் சிவந்தது. “யாரைச் சொல்றீங்க சார்?”

“நான் யாரையும் சொல்லலை. சீட்டு சொல்லும்.”

முற்றுப்புள்ளி ஒரு வெள்ளைத் தாளை அவர் பக்கம் தள்ளினார். “பேசினதை எழுதிக் கொடுங்க. நானும் கையெழுத்துப் போடறேன்.”

உச்சரிப்பு எழுதினார். தன்னுடைய அழகான சாய்ந்த எழுத்தில், ஒரு அடித்தல் திருத்தல் இல்லாமல், ‘எவராக இருப்பினும்’ என்ற சொல்லுக்குக் கீழே இரண்டு கோடும் போட்டு எழுதினார். முற்றுப்புள்ளி கையெழுத்திட்டார். பேராசிரியர் சாட்சிக் கையெழுத்திட்டார். காலையிலிருந்து முதல்முறையாக உச்சரிப்புக்கு மூச்சு சீராக வந்தது.

சீட்டறை கட்டடத்தின் அடித்தளத்தில் இருந்தது. சுவர் முழுக்க சின்னச் சின்ன மர இழுப்பறைகள். முப்பது வருடமாக அந்த அறையைப் பார்த்துக்கொள்கிற அம்மா, மூக்குக்கண்ணாடியை நெற்றியில் ஏற்றிக்கொண்டு, பழைய சீட்டுகளுக்கு நூல் கோர்த்துக்கொண்டிருந்தார். முற்றுப்புள்ளி, பேராசிரியர், பொருளம்மா, அங்குலம், பின்னால் கணக்குப் பிரிவு என்று ஒரு கல்யாணக் கூட்டமே படியிறங்கி வருவதைப் பார்த்து, எழுந்திருக்கலாமா வேண்டாமா என்று யோசித்து, உட்கார்ந்தே இருந்தார்.

“என்ன எல்லாரும் சேர்ந்து? இங்கே தீப்பிடிக்கலையே?”

உச்சரிப்பு முன்னால் வந்து ஒன்பது எழுத்தையும் ஒவ்வொன்றாகச் சொன்னார். அந்த அம்மா இழுப்பறைகளின் மேல் விரலை ஓடவிட்டு, ஏணியை நகர்த்தி, இரண்டு படி ஏறினார்.

“இது இருபத்திரண்டு வருஷத்துக்கு முந்தின வரிசையில இருக்கு. அப்ப இருந்த பழைய ஆசிரியர் ரொம்பக் கறார். புதுசா சேர்ந்தவங்க தினம் பத்துப் புது வார்த்தை கொடுத்தாத்தான் வீட்டுக்குப் போகலாம். ஒன்பது வரைக்கும் எப்படியோ தேத்திடுவாங்க. அந்தப் பத்தாவது இருக்கே, அதுக்குத்தான் அஞ்சரை மணிக்கு ஒவ்வொருத்தரும் உத்தரத்தைப் பார்த்துட்டு உட்கார்ந்திருப்பாங்க. பாவமா இருக்கும்.”

“கதை இருக்கட்டும். சீட்டை என்கிட்ட கொடுங்க,” என்று உச்சரிப்பு கையை நீட்டினார்.

“சீட்டு என் கையை விட்டுப் போகாது சார். அது இங்கத்த சட்டம். நானே படிக்கறேன்.”

பழுப்பேறிய ஒரு சீட்டை உருவி எடுத்து ஊதினார். நெற்றியிலிருந்து கண்ணாடி இறங்கியது.

“பொருள்… ‘அறைக்குள் வேகமாகப் போய், எதற்காக வந்தோம் என்பதே மறந்து நிற்கும் நிலை.’ சரியா?”

“சரி, சரி. எந்தப் புத்தகம்?” என்றார் பேராசிரியர், நுனிக்காலில் எக்கி நின்று.

“எங்கே கண்டது… புத்தகம் ஒண்ணும் போடலையே. ‘வாய்மொழியாகக் கேட்டது’ன்னு இருக்கு.”

“யார் வாயில கேட்டது?” இது பொருளம்மா.

“அதைப் போடலை.”

“பார்த்தீங்களா மேடம்!” உச்சரிப்பின் குரல் அடித்தளம் முழுக்க எதிரொலித்தது. “நான் அப்பவே சொன்னேன். வடிகட்டின பொய்! இந்த மாதிரி ஆளுங்களாலதான் இத்தனை கஷ்டம். காலையில இருந்து நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். எழுதிக் கொடுத்தது எழுதிக் கொடுத்ததுதான், அதுல பேச்சே இல்லை.”

“பேச்சே இல்லை,” என்று முற்றுப்புள்ளியும் தலையசைத்து, கையெழுத்திட்ட தாளைப் பிரித்தார். “உச்சரிப்புன்னு எதுவும் எழுதியிருக்கா?”

“இருக்கு. ‘தெரிந்தவர்கள் யாரையாவது கேட்டு எழுதிக்கொள்ளவும்.’”

பேராசிரியர் கூரையைப் பார்த்தார். அங்குலம் அளவுகோலைச் சட்டைப் பைக்குள் தள்ளினார். பொருளம்மாவுக்குத் திடீரென்று புடவை மடிப்பைச் சரிசெய்ய வேண்டியிருந்தது.

“கீழே யார் கையெழுத்து?” என்று முற்றுப்புள்ளி பேனாவைத் திறந்தார்.

சீட்டறை அம்மா சீட்டை விளக்குக்குக் கீழே பிடித்து, அந்த அழகான சாய்ந்த எழுத்தைக் கொஞ்ச நேரம் ரசித்துப் பார்த்தார். பிறகு முகமெல்லாம் மலர, “அட, உச்சரிப்பு சார், நீங்க வேலைக்குச் சேர்ந்த முதல் வாரத்துச் சீட்டு இது, உங்க பத்தாவது வார்த்தை!” என்றார்.